அக்கா விட்ட மிட்டாய்

பிள்ளைகளே, நீங்கள் சின்னவர்களாக இருந்தபோது என்னைக் கேலி செய்த ஒரு விஷயம் உண்டு. நீங்கள் பாத்ரூமுக்குப் போய் வந்ததும் நான் பின்னாலேயே போய்க் குனிந்து மூலையைப் பார்ப்பேன். "நைனா, இன்னா தேடற?" என்று கேட்பீர்கள். "ஒண்ணுமில்ல, தரை வழுக்குதான்னு பாக்கறேன்" என்று சொல்லிவிடுவேன். பெரியவன் ஒருமுறை தன் கூட்டாளிகளிடம், "எங்க நைனாவுக்கு பாத்ரூம்ல பொதையல் இருக்குதாம்" என்று சொல்லிச் சிரித்தது என் காதில் விழுந்தது.

நான் எறும்பு இருக்கிறதா என்று பார்த்தேன். ஏன் என்பதை இப்போது எழுதி வைக்கிறேன். உங்களுக்கும் பிள்ளைகள் பிறந்துவிட்டார்கள். இனி தள்ளிப்போடக் கூடாது. செஞ்சியில் அந்தக் காலத்தில் என்னோடு வளர்ந்த என் வயதுக்காரர்கள் யாராவது இதைப் படிக்கக்கூடும். எங்கள் வீட்டு மிட்டாயை அவர்களும் தின்றிருப்பார்கள். அவர்களுக்கும் இது போய்ச் சேரட்டும்.

அறுபதுகளின் நடுவில் நடந்தது. அரிசிக்கும் சர்க்கரைக்கும் ரேஷன் கடையில் நின்ற வருஷங்கள். நாம் ஜைனர்கள் என்பது உங்களுக்குத் தெரியும். என் அப்பாவை நானும் நைனா என்றுதான் கூப்பிடுவேன். அந்த நைனாவின் குடும்பத்துக்குத் தொண்டூர் பக்கம் மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, விளைகிற கொல்லை இருந்தது. அது கைமாறிப் போன பிறகு நைனா செஞ்சிக்கு வந்து, கடைத்தெருவுக்குப் பின்னால் ஒரு சந்தில் ஓட்டு வீடு ஒன்றை வாடகைக்குப் பிடித்தார். புறக்கடையில் நின்றால் ராஜகிரிக் கோட்டை மலை முழுசாகத் தெரியும். அந்த வீட்டில்தான் அம்மாவும் நைனாவும் மிட்டாய் போட்டார்கள். வெள்ளிக்கிழமைச் சந்தையிலும் பஸ் நிறுத்தும் இடத்திலும் நைனா கண்ணாடிப் பெட்டியைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு விற்பார்.

வேலை இப்படி நடக்கும். இரும்புச் சட்டியில் சர்க்கரையும் தண்ணீரும் கொதிக்கும். அம்மா கொஞ்சம் பால் விடுவாள். அழுக்கு மேலே திரளும். அதை வழித்து எடுப்பாள். பாகு மறுபடியும் சர்க்கரையாகப் பூத்துவிடாமல் இருக்க எலுமிச்சம்பழம் பிழிவாள். குமிழிகள் முதலில் பெரிசு பெரிசாக, அவசரமில்லாமல் உடையும். பிறகு சின்னதாகி நெருங்கிக்கொள்ளும். சத்தமே மாறிவிடும். அப்போது அம்மா, "எங்கடி போன?" என்று குரல் கொடுப்பாள்.

அக்காவைத்தான் கூப்பிடுவாள். பதம் பார்ப்பது அக்காவின் வேலை. ஒரு பித்தளை டம்ளரில் குளிர்ந்த தண்ணீர் வைத்துக்கொண்டு, கரண்டி நுனியிலிருந்து ஒரு துளி பாகை அதில் விடுவாள். துளி கரைந்து பரவினால் இன்னும் கொதிக்க வேண்டும். விரலில் உருண்டால் இன்னும் கொஞ்சம். கடைசியாக எடுத்துக் கடித்துப் பார்ப்பாள். பல்லில் ஒட்டாமல் கண்ணாடி மாதிரி உடைந்தால், "எறக்கும்மா!" என்பாள். அம்மா உடனே இறக்கிவிடுவாள். இந்த ஒரு விஷயத்தில் அம்மா அக்காவின் சொல்லை மீறியதே இல்லை. அந்தத் துளிகள்தான் அக்காவுக்குக் கிடைத்த கூலி. நான் பக்கத்தில் வாயைத் திறந்துகொண்டு உட்கார்ந்திருந்தால் சில நாள் பாதி கிடைக்கும்.

பிறகு எண்ணெய் தடவிய கடப்பைக் கல்லில் பாகை ஊற்றுவார்கள். ஓரம் இறுகி வரும்போதே சுக்குப் பொடியோ ஏலக்காயோ தூவி மடிப்பார்கள். பச்சை இஞ்சி மண்ணுக்குள் விளைவது என்று எங்கள் வீட்டுக்குள் வராது. சுக்குக்குத் தடை இல்லை. நைனா கையில் எண்ணெய் பூசிக்கொண்டு, சுவரில் அறைந்திருந்த கொக்கியில் அந்தச் சுடும் பாகை மாட்டி இழுப்பார், மடிப்பார், மறுபடி இழுப்பார். பழுப்பாக இருந்தது இழுக்க இழுக்க வெளுத்துப் பட்டு மாதிரி மின்னும். கயிறாகத் திரித்து, அம்மா கத்தரியால் நறுக்குவாள். கல்லில் விழுகிற துண்டுகளின் சத்தம் கூழாங்கல் கொட்டுவது மாதிரி இருக்கும். அந்த வருஷம் நைனா பாண்டிச்சேரியிலிருந்து வாழைப்பழ எசன்ஸ் ஒரு சின்ன பாட்டிலில் வாங்கி வந்தார். மூடியைத் திறந்தால் வீடே பழுத்துவிடும். தெருவில் போகிறவர்கள் நின்று மூக்கை உறிஞ்சுவார்கள்.

இப்படிப்பட்ட வீட்டுக்கு எறும்பு வராமல் இருக்குமா?

மற்ற மிட்டாய்க்காரர்கள் மேஜைக் கால்களைத் தண்ணீர்க் கிண்ணத்தில் நிறுத்துவார்கள். எறும்பு அதில் விழுந்து சாகும். அம்மா அப்படிச் செய்ய மாட்டாள். நாம் ஒரு உயிரையும் கொல்லக் கூடாது. மிட்டாய் டப்பாக்களைச் சுற்றி மஞ்சள் பொடியால் கோடு போடுவாள். புறக்கடையில் கொஞ்சம் அரிசி மாவு தூவி, எறும்புகளை அந்தப் பக்கம் இழுப்பாள். அடுப்பு மூட்டுவதற்கு முன் பழந்துணித் துடைப்பத்தால் மெதுவாகக் கூட்டி ஒதுக்குவாள். ஆனாலும் சுவரில், நிலைப்படியில், உறியில், எங்கள் சட்டை மடிப்பில் எறும்பு ஊர்ந்துகொண்டேதான் இருக்கும். பள்ளிக்கூடத்தில் எங்களுக்கு 'எறும்பூட்டுப் பசங்க' என்று பெயர். அக்கா அதற்கு, "எறும்பு நல்ல ஊட்டுக்குத்தான் வரும், ஒங்க ஊட்டுக்கு வருதா?" என்று பதில் சொல்லிவிட்டு நடந்து போவாள்.

மழைக்காலம் தொடங்கினால் எங்கள் ஜனங்கள் ஆளுக்கொரு பண்டத்தை விடுவார்கள். கோயிலில் பகவான் முன்னால் நின்று, "இன்னதை விட்டேன்" என்று வாய்விட்டுச் சொல்ல வேண்டும். கார்த்திகை முடிகிற வரைக்கும் அதைத் தொடக் கூடாது. அந்த ஆடி மாதம் அம்மா தயிரை விட்டாள். நைனா கையைக் கூப்பிக்கொண்டு, "பலாப்பழத்த உட்டேன்" என்றார்.

"பண்ருட்டிப் பலாவே தீந்துபோச்சி, இப்ப உடறாராம்" என்று அம்மா முணுமுணுத்தாள்.

"கெடைக்காதத உடறதுதான் எனக்குத் தோது" என்றார் நைனா.

பிள்ளைகள் எதுவும் விட வேண்டியதில்லை. ஆனால் அக்கா முன்னால் போய் நின்று, "மிட்டாய உட்டேன்" என்றாள். கோயிலில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். மிட்டாய் வீட்டுப் பெண் மிட்டாயை விடுவது என்றால் சும்மாவா? அம்மா அன்று தெருவில் தலை நிமிர்ந்து நடந்தது எனக்கு நினைவிருக்கிறது. நைனா மட்டும், "பதம் எப்டிம்மா பாப்ப?" என்று கேட்டார்.

அக்கா அதற்கும் யோசித்து வைத்திருந்தாள். மறுநாள் துளியைக் கடிக்கவில்லை. டம்ளரில் விட்டுக் காதைப் பக்கத்தில் வைத்துக்கொண்டாள். பதம் வந்த துளி தண்ணீரில் இறுகி, பித்தளை அடியில் 'டிங்' என்று விழுந்தது. "எறக்கும்மா!" என்றாள். துளியை எடுத்து என் வாயில் போட்டாள். அன்றிலிருந்து எல்லாத் துளியும் எனக்கே வந்தது. அவள் கையை நக்கிக்கூடப் பார்க்காமல் தண்ணீரில் கழுவிவிடுவாள். நான் பார்த்துக்கொண்டே இருந்தவன். அதனால்தான் இதை உறுதியாகச் சொல்ல முடிகிறது.

புரட்டாசியில் அக்காவுக்குத் தாகம் ஆரம்பித்தது. முதலில் யாரும் கவனிக்கவில்லை. அடுப்புப் பக்கத்தில் வேலை, வெக்கை, அதனால் குடிக்கிறாள் என்றார்கள். எங்கள் வீட்டில் பொழுது இறங்குவதற்குள் சாப்பாடு முடிந்துவிடும். அதற்கு மேல் பெரியவர்கள் தண்ணீர்கூடக் குடிக்க மாட்டார்கள். பிள்ளைகளுக்கு அந்தக் கட்டு இல்லை. இருந்தாலும் அக்கா அந்த ஒழுங்கைத் தானாகவே பெருமையாகக் காத்து வந்தவள். இப்போது விளக்கு வைக்கிற நேரத்தில் பானையண்டை போய் நின்று, சொம்பு சொம்பாகக் குடித்தாள். தண்ணீர் கழுத்தில் வழிய வழியக் குடித்தாள். அவளுக்கே வெட்கமாக இருந்திருக்கும். சுவரைப் பார்த்தபடிதான் குடிப்பாள்.

பள்ளிக்கூடத்தில் அடிக்கடி வெளியே போகக் கேட்டதற்காக வாத்தியார் அவளை வாசலில் நிற்க வைத்தார். பாவாடை இடுப்பில் நிற்கவில்லை. அம்மா நாடாவை இழுத்து இழுத்துக் கட்டினாள். "வளர்ற பொண்ணு, உயரம் போடறா" என்றார் நைனா. பிறகு ஒரு நாள் காலையில் அவள் பாய் நனைந்திருந்தது. அவ்வளவு பெரிய பெண். யாருக்கும் தெரிவதற்குள் அவளே பாயைச் சுருட்டிப் புறக்கடைக்கு எடுத்துப் போய் வெயிலில் போட்டாள். அன்று மத்தியானம் பாய் முழுக்க எறும்பு.

தீபாவளி நெருங்கிக்கொண்டிருந்தது. மிட்டாய்க்கு நிறையப் பேர் சொல்லி வைத்திருந்ததால், கூடமாட உதவுவதற்காக நைனாவின் தங்கை, எங்கள் அத்தை, தொண்டூரிலிருந்து வந்திருந்தாள். அத்தை கெட்டவள் இல்லை. வேலையில் புயல். வாயும் அப்படித்தான். பாயை முதலில் பார்த்தவள் அவள்தான்.

"அண்ணி, இங்க வந்து பாரு. மிட்டாய் ஊட்டுப் பொண்ணு மிட்டாய உட்ட லட்சணத்த!"

அம்மா வந்து பார்த்தாள். பாயின் நடுவில், அக்கா படுக்கிற இடத்தில், கறுப்பாகத் திரண்டிருந்தது.

"பாய்ல வெச்சிக்கினு தின்னுறியாடி?" என்று அம்மா கேட்டாள்.

"இல்லம்மா. நான் தின்னல."

"அப்ப எறும்பு எதுக்கு வந்துச்சி?"

"எனக்குத் தெரியாதும்மா."

"எறும்பு பொய் சொல்லாது கண்ணு" என்றாள் அத்தை. "மனுசங்கதான் சொல்லுவாங்க."

அம்மா தலையணையைப் பிரித்து இலவம்பஞ்சை எல்லாம் வெளியே இழுத்துப் பார்த்தாள். அக்காவின் தகரப் பெட்டியைக் கவிழ்த்தாள். புத்தகப் பையை உதறினாள். ஒரு துண்டு மிட்டாய் இல்லை. ஒரு தூளும் இல்லை. நைனா டப்பாக்களைத் திறந்து பார்த்துவிட்டு, "ஒண்ணும் கொறையலயே" என்றார்.

"டப்பாவுலருந்து எவனாச்சும் எடுப்பானா? சட்டி வழிச்சித் தின்னிருப்பா, கல்ல சொரண்டித் தின்னிருப்பா" என்றாள் அத்தை.

அக்கா அழவில்லை. "நான் உட்டேன்னு சொன்னது சொன்னதுதான் அத்த" என்றாள். அவ்வளவுதான். பஞ்சை மறுபடி தலையணைக்குள் அடைக்க உட்கார்ந்துவிட்டாள். ஒரு கைப்பிடி அடைப்பாள், எழுந்துபோய்த் தண்ணீர் குடிப்பாள், வந்து அடைப்பாள்.

இரண்டு நாள் கழித்து நான் புறக்கடையில் வேலி ஓரமாக விளையாடிக்கொண்டிருந்தேன். அக்கா ஒதுங்குகிற மறைவிடத்துக்குப் பக்கத்தில் மண்ணில் சாரை சாரையாக எறும்பு போய்க்கொண்டிருந்தது. அந்த இடத்துக்கு மிட்டாய் போக வழியே இல்லை. ஓடி வந்து சொன்னேன். "அம்மா, வேலியாண்டகூட எறும்பா இருக்குது."

அம்மா கத்தரியும் கையுமாக இருந்தாள். "நம்ம ஊட்டுல எங்கடா எறும்பு இல்ல? போடா அந்தாண்ட" என்றாள்.

அது உண்மைதான். எங்கள் வீட்டில் எங்கே இல்லை? வேறு எந்த வீட்டில் இப்படி ஒரு சாரை போயிருந்தாலும், யாராவது ஒருவர் நின்று, இது ஏன் என்று யோசித்திருப்பார்கள். கஞ்சியே குடிக்கிற ஏழை வீடாக இருந்தால்கூட யோசித்திருப்பார்கள். எங்கள் வீட்டில் எறும்புக்கு ஒரே ஒரு காரணம்தான் இருக்க முடியும் என்று எல்லோரும் நம்பினோம்.

தீபாவளி எங்களுக்குப் பகவான் மகாவீரர் முக்தி அடைந்த நாள். அதற்கு முந்தின நாள் அம்மா அக்காவைக் கோயிலுக்குக் கூட்டிப்போனாள். நானும் போனேன். "தப்புப் பண்ணிட்டேன், இனிமே பண்ணமாட்டேன்னு சொல்லு. சொன்னா சரியாப்பூடும்" என்றாள் அம்மா. கோபமாகச் சொல்லவில்லை. கெஞ்சுவது மாதிரிதான் சொன்னாள். விட்டதாகச் சொல்லிவிட்டுத் திருட்டுத்தனமாகத் தின்பது அம்மாவுக்குச் சின்ன விஷயமில்லை. பெண்ணுக்குப் பாவம் சேர்கிறதே என்று அவள் பயந்தாள்.

அக்கா சன்னதியில் தூணைப் பிடித்துக்கொண்டு நின்றாள். உதடு காய்ந்து வெடித்திருந்தது.

"தின்னாததுக்கு இன்னான்னும்மா சொல்றது?"

"சொல்லுடி."

"சொன்னா அதுதாம்மா பொய்யாப்பூடும்."

அம்மா அவள் முதுகில் ஓர் அடி வைத்தாள். கோயிலுக்குள். வெளியே வந்ததும் அக்கா படியிலேயே உட்கார்ந்துவிட்டாள். "கால் வலிக்குதும்மா, கொஞ்சம் இரு" என்றாள். வழியெல்லாம் இரண்டு மூன்று இடத்தில் உட்கார்ந்தாள். அம்மா காத்து நின்றாள்.

தீபாவளிக்குப் பிறகு அக்காவால் சட்டிப் பக்கம் வந்து உட்கார முடியவில்லை. பதம் பார்க்க ஆளில்லாமல் ஒரு சட்டிப் பாகு கருகிப்போனது. சுவரோரம் சுருண்டு படுத்திருந்தாள். வயிறு வலிக்கிறது என்றாள். சோற்றைப் பார்த்தாலே குமட்டினாள். அத்தை அவள் தலையை மடியில் எடுத்து வைத்துக்கொண்டு கஞ்சி ஊட்டப் பார்த்தாள். குனிந்த அத்தை மூக்கைச் சுருக்கினாள்.

"வாயத் தொற. ஊது." மறுபடி மோந்தாள். "பழ வாசன அடிக்குது. அந்த எசன்ஸ் மிட்டாய்தான். இந்த நெலமையிலயும் தின்னுதே அண்ணா, இந்தப் பொண்ணு!"

நைனாவும் குனிந்து மோந்து பார்த்தார். நானும் பார்த்தேன். உண்மையிலேயே வாழைப்பழம் அளவுக்கு மீறிப் பழுத்துப்போன வாசனை வந்தது. நைனா எழுந்துபோய், எசன்ஸ் பாட்டிலை எடுத்து உயரத்தில், ஓட்டுக்கடியில் மரச் சட்டத்தில் செருகி வைத்தார். அக்கா அதைக் கண்ணால் பார்த்துக்கொண்டிருந்தாள். இந்த முறை "தின்னல" என்று அவள் சொல்லவில்லை. சொல்லித் தீர்ந்துபோயிருக்கும்.

கடைத்தெருவில் வைத்தியம் பார்க்கிற ஒரு கம்பவுண்டர் இருந்தார். நைனா அவரைக் கூட்டி வந்தார். அவர் கண் இமையை இழுத்துப் பார்த்தார், நாடி பிடித்தார். "ரத்தமே இல்ல. ஒடம்புல சத்தில்ல. தெம்பு வரணும், சர்க்கரைத் தண்ணி குடுத்துக்கினே இருங்க" என்று சொல்லி, ஒரு டானிக்கும் எழுதிக் கொடுத்தார். அவர் மேல் நான் பழி சொல்லவில்லை. அவருக்குத் தெரிந்தது அவ்வளவு.

சர்க்கரைத் தண்ணீருக்கு எங்கள் வீட்டிலா பஞ்சம்? நைனா உடைந்த ஏலக்காய் மிட்டாய்களை வெந்நீரில் போட்டுக் கலக்கினார். அக்கா பதம் பார்க்கிற அதே பித்தளை டம்ளர்தான். அவள் வாசனையிலேயே கண்டுபிடித்துவிட்டாள்.

"வேணாம் நைனா. நான் உட்டிருக்கறேன்."

"ஒடம்பு சரியில்லாதவங்களுக்கு அதெல்லாம் கெடையாதும்மா. பகவான் ஒண்ணும் சொல்லமாட்டாரு."

"கார்த்திக வரைக்கும் இல்ல? இன்னும் கொஞ்ச நாளுதான்."

"கண்ணு, நைனா சொல்றேன் இல்ல?"

அவர் குரல் உடைந்தது. தெருவில் எல்லோரையும் சிரிக்க வைத்து விற்கிறவர். அம்மா டம்ளரை வாங்கி, அக்காவை நிமிர்த்தி மார்பில் சாய்த்துக்கொண்டாள். "அம்மாவுக்காகக் குடி" என்றாள். அக்கா அம்மாவின் முகத்தையே கொஞ்ச நேரம் பார்த்தாள்.

"இதுக்கு எறும்பு வந்தா, இதுக்குத்தான் வந்துச்சின்னு சொல்லணும். முன்னாலயே தின்னன்னு சொல்லக் கூடாது."

"சொல்லமாட்டேன்."

"அத்தையும்."

"சொல்லமாட்டேன்டி தங்கம்" என்றாள் அத்தை.

குடித்தாள். கொடுக்கக் கொடுக்கக் குடித்தாள். அவ்வளவு தாகம். நைனாவின் முகத்தில் வெளிச்சம் வந்தது. குடிக்கிறாளே, இனி எழுந்துவிடுவாள் என்று நினைத்தார். அன்று முழுவதும் கலக்கிக் கலக்கிக் கொடுத்தார். தன் கையால் இழுத்துத் திரித்த மிட்டாய்.

மறுநாள் விடிந்ததும் அக்காவுக்கு மூச்சு மாறியிருந்தது. நீளமாக, ஆழமாக, ஓடி வந்தவள் மாதிரி இழுத்தாள். கூப்பிட்டால் கண்ணைத் திறந்து மூடினாள். மழை கொட்டிக்கொண்டிருந்தது. நைனா அவளைத் தோளில் போட்டுக்கொண்டு பஸ்ஸுக்கு ஓடினார். அத்தை வீட்டைப் பார்த்துக்கொண்டாள். நான் அம்மாவின் முந்தானையை விடாததால் என்னையும் இழுத்துக்கொண்டு போனார்கள். திண்டிவனத்தில் இறங்கி வேறு பஸ் மாறி, பாண்டிச்சேரி பெரிய ஆஸ்பத்திரிக்குப் போனோம். பஸ்ஸில் பக்கத்து சீட்டுக்காரர், "வாழப்பழம் வெச்சிருக்கீங்களா? நல்ல வாசனையா இருக்குது" என்றார். நைனா ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

ஆஸ்பத்திரியில் ஒரு டாக்டரம்மா வந்தார். கண்ணாடி போட்ட, வயசான அம்மா. அக்காவின் முகத்தண்டை குனிந்தவர் உடனே நிமிர்ந்து, நர்ஸிடம் என்னவோ வேகமாகச் சொன்னார். பிறகு எங்கள் பக்கம் திரும்பினார்.

"ரொம்பத் தண்ணி குடிச்சாளா?"

"ஆமாம்மா" என்றாள் அம்மா.

"எளைச்சிக்கிட்டே வந்தாளா? படுக்கையில ஒண்ணுக்குப் போனாளா?"

"ஆமாம்மா."

"அவ ஒண்ணுக்குப் போற எடத்துல எறும்பு வந்துச்சா?"

அம்மாவும் நைனாவும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். அந்தப் பார்வையை நான் இன்றைக்கும் மறக்கவில்லை.

நைனாதான் பதில் சொன்னார். "எங்க ஊட்டுல எல்லா எடத்துலயும் எறும்பு வரும்மா. நாங்க மிட்டாய் போடறவங்க."

டாக்டரம்மா கண்ணாடியைக் கழற்றினார். பிறகு மெதுவாகச் சொன்னார். இது சர்க்கரை வியாதி. சின்னப் பிள்ளைகளுக்கும் வரும். மிட்டாய் தின்று வருவதில்லை, யார் தப்பும் இல்லை. ரத்தத்தில் சர்க்கரை ஏறி, சிறுநீரில் இறங்குகிறது. எறும்பு அதற்குத்தான் வந்தது. வாயில் வருகிற பழ வாசனை, நோய் முற்றினால் வருவது.

"கடைசியா என்ன குடுத்தீங்க?"

நைனா, "சர்க்கரைத் தண்ணி" என்றார்.

டாக்டரம்மா திட்டவில்லை. திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும் என்று நைனா சாகும்வரை சொல்லிக்கொண்டிருந்தார். "அதனால மட்டும் இல்லீங்க. ரொம்ப நாளாயிருக்குது" என்றார் அவர். ஊசி போட்டார்கள், பாட்டில் ஏற்றினார்கள். ஓடி ஓடிப் பார்த்தார்கள்.

அம்மா கட்டில் பக்கத்தில் மண்டியிட்டு, அக்காவின் காதில் வாயை வைத்துக்கொண்டாள். "நீ தின்னல. நீ தின்னலடி. அம்மாவுக்குத் தெரிஞ்சிடுச்சி. கேக்குதா? நீ தின்னல." சாயங்காலம் வரைக்கும் இதையே சொன்னாள். அக்காவுக்குக் கேட்டதா இல்லையா, தெரியாது. பொழுது இறங்குவதற்குள் அக்கா போய்விட்டாள்.

வீட்டுக்கு வந்த பிறகு அம்மா அடுப்பைப் பற்ற வைக்கவில்லை. பக்கத்து வீட்டிலிருந்து கஞ்சி வந்தது. அக்காவின் பாயை யாரும் தொடக் கூடாது என்றாள். பாயில் எறும்பு இருந்தது. அம்மா சுவரில் சாய்ந்து உட்கார்ந்து அதையே பார்த்துக்கொண்டிருப்பாள். மழை வெறித்த ஒரு காலையில் பாயில் ஒரு எறும்பும் இல்லை. அம்மா எழுந்துபோய் அரிசி மாவு எடுத்து வந்து பாயோரம் தூவினாள். அத்தை வந்து அவள் கையைப் பிடித்து நிறுத்தினாள்.

கார்த்திகை முடிந்து விரதம் முடிக்கிற நாள் வந்தது. அவரவர் விட்டதைச் சொல்லி முடிக்க வேண்டும். நைனா கோயிலுக்குள்ளேயே வரவில்லை. வெளியே மழையில் நின்றார். அம்மா போனாள். தயிரைப் பற்றி அவள் பேசவில்லை. அக்கா நின்ற தூணைப் பிடித்துக்கொண்டு, எல்லோருக்கும் கேட்கும்படிச் சொன்னாள்.

"எம் பொண்ணு மிட்டாய உட்டா. சொன்னபடி உட்டா. திருடித் தின்னல. கடைசியில குடிச்சது நாங்க ஊத்தினது. அது எங்களோடது, அவளோடது இல்ல."

அத்தை பின்னால் நின்றிருந்தாள். முன்னால் வந்து, அம்மா பக்கத்தில் தரையில் நெற்றி படக் கும்பிட்டு, "நானும் சொன்னேன், பகவானே. எறும்பு பொய் சொல்லாதுன்னு நான்தான் சொன்னேன்" என்றாள்.

எங்கள் வீட்டில் மறுபடி மிட்டாய் போடவில்லை. நைனா மல்லாட்டை மண்டியில் மூட்டை தைக்கப் போனார். கொக்கி மட்டும் சுவரில் ரொம்ப நாள் இருந்தது. பித்தளை டம்ளர் என்னவானது என்று தெரியவில்லை. அம்மாவிடம் கேட்கும் தைரியம் எனக்கு வரவே இல்லை.

பிள்ளைகளே, இப்போது இந்த நோய்க்கு ஊசி எல்லா ஊரிலும் கிடைக்கிறது. ஊசி போட்டுக்கொண்டு நன்றாகப் படித்து, கல்யாணம் செய்து, வயதாகி வாழ்கிற பிள்ளைகளை நானே பார்த்திருக்கிறேன். ஒரு சொட்டு ரத்தத்தில் கண்டுபிடித்துவிடுகிறார்கள். அதனால் உங்கள் வீட்டுப் பிள்ளை தண்ணீருக்கு அலைந்தால், காரணமில்லாமல் இளைத்தால், படுக்கையை நனைத்தால், என்னை மாதிரி குனிந்து எறும்பைத் தேடிக்கொண்டிருக்க வேண்டாம். பிள்ளையை நிற்க வைத்துக் கேள்வி கேட்கவும் வேண்டாம். அந்த நிமிஷமே தூக்கிக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போங்கள். "நான் தின்னல" என்று பிள்ளை சொன்னால், போகிற வழியிலேயே, அதன் காதில் கேட்கும்போதே, "தெரியும்" என்று சொல்லிவிடுங்கள்.